அதிகாரி அழித்த குப்பை

கரும்பு ஆலையின் எடைமேடைக் கணினியைப் பதினெட்டு வருஷமாகப் பார்த்துக்கொண்டவர் மாசானமுத்து. சென்னையிலிருந்து புதிதாக வந்திறங்கிய கணினி அதிகாரி தர்மசீலன், முதலாளியம்மா முன்னிலையில் அந்தக் கணினியைச் செத்த எலியைப் பார்ப்பதுபோல் பார்த்து, திரையில் ஒரு ஃபைலைச் சுட்டிக்காட்டினார்.

“இரண்டாயிரத்து ஒண்ணாம் வருஷத்து ஃபைலா? குப்பை! இப்பவே அழிய்யா. இல்லேன்னா நாளைக்கு வேலைக்கு வராதே.”

“பல சாஃப்ட்வேருக்கும் பொதுவான ஃபைல் சார் அது. அழிச்சா எடை போடுறது நின்னுடும்.”

“சாக்கு சொல்லாதே. என் லேப்டாப்பைப் பாரு, எல்லாம் புத்தம்புதுசு!”

மாசானமுத்து பணிவாகக் குனிந்து அதில் அந்த ஃபைலைத் தேடினார். அதே பெயர், அதே வருஷம்.

“இங்கேயும் அந்தக் குப்பை கிடக்குதே சார். முதல்ல நீங்க அழிச்சுக் காட்டுங்க. அதுக்கப்புறமும் உங்க சாஃப்ட்வேர் திறந்தா, எடைமேடை ரூம் சாவியைக் குடுத்துட்டு நானே போயிடுறேன்.”

முதலாளியம்மா பார்த்துக்கொண்டிருக்கும்போது பின்வாங்க முடியுமா? தர்மசீலன் அழித்தார். பிறகு தன் புது சாஃப்ட்வேரைத் தட்டினார். மறுபடி தட்டினார். ஃபைலைக் காணோம் என்ற ஒரே வரிதான் திரும்பத் திரும்ப வந்தது.

“சாவி உங்ககிட்டயே இருக்கட்டும் மாசானம்,” என்றார் முதலாளியம்மா.

மாசானமுத்து எடைமேடைக் கணினியிலிருந்து அந்த ஃபைலைப் பென் டிரைவில் ஏற்றி, அதிகாரியிடம் நீட்டினார்.

“நம்ம குப்பைதான் சார். கொஞ்சம் போட்டுக்கிறீங்களா?”