தோற்றவர் எழுத வேண்டும்

விலெமின் வலது கை மக்கர் பண்ண ஆரம்பித்துச் சில வருடங்களாகிவிட்டன.

வட்டப் பலகையில் சிறு அம்புகளை எறிகிற டார்ட்ஸ் ஆட்டத்தையே தொழிலாக வைத்துப் பிழைத்தவர்கள் செக் நாட்டில் வெகு சிலர். அவன் அவர்களில் ஒருவன். லண்டன் மேடையில் ஆடியிருக்கிறான், தொலைக்காட்சியில் வந்திருக்கிறான், சொந்த ஊரில் அவன் படம் போட்ட பீர் கோப்பைகூட விற்றிருக்கிறது. பிறகு ஒரு நாள் பலகைக்கு எதிரே நின்று அம்பை உயர்த்தினான். விரல்கள் விடவில்லை. முழங்கையை முன்னும் பின்னும் ஆட்டிப் பார்த்தான். அப்போதும் விடவில்லை. அந்த ஆட்டக்காரர்களுக்கென்றே வருகிற கோளாறு அது. வந்துவிட்டால் பலர் ஆட்டத்துக்கே கும்பிடு போட்டுவிடுவார்கள். விலெம் ஆட்டத்தை விடவில்லை, ஆனால் தோற்றுத் தோற்றுத் தொழில்முறைப் போட்டிகளில் ஆட உரிமை தருகிற அட்டையை இழந்தான்.

மருத்துவர், மனநல ஆலோசகர், மூச்சுப் பயிற்சி என்று எல்லாம் பார்த்தாகிவிட்டது. கடைசியில் ஹெட்விகா என்கிற பெண் பயிற்சியாளரிடம் வந்து சேர்ந்தான். குருவுக்குச் சீடனைவிடப் பத்து வயது குறைவு. அதைச் சொல்லிச் சிரித்தவர்கள் உண்டு. ஹெட்விகா பெரிய கோப்பை எதையும் ஜெயித்தவரில்லை. அவரிடம் கற்றவர்கள் ஜெயித்தார்கள்.

அன்றைய போட்டி மொராவியாப் பகுதியில் ஒரு சிற்றூரில். தீயணைப்பு வண்டியை வெளியே நிறுத்திவிட்டு, அது நிற்கிற கூடத்தில் பலகைகளை மாட்டியிருந்தார்கள். பொரித்த சீஸ் வாசனை தூக்கியது. ஒருவர் இரண்டு ஆட்டம் தோற்றால் வீட்டுக்குப் போகலாம். இங்கே தேறினால்தான், இழந்த அட்டையை மீட்பதற்கான தேர்வுக்கு விலெமை டார்ட்ஸ் சங்கம் அனுப்பும். இல்லையென்றால் மைத்துனனின் டயர் கடையில் வேலை இருக்கவே இருக்கிறது.

முதல் ஆட்டத்திலேயே அவன் உள்ளூர்ப் பல் மருத்துவர் ஒருவரிடம் தோற்றான். நல்ல மனிதர். கை கொடுக்கும்போது மன்னிப்பு வேறு கேட்டார். அதைத்தான் விலெமால் தாங்க முடியவில்லை.

நேரே ஹெட்விகாவிடம் வந்தான். அவர் ஓரமாக உட்கார்ந்து சூப் குடித்துக்கொண்டிருந்தார்.

"இந்தக் கை ஏன் விடமாட்டேன் என்கிறது? இன்றைக்காவது சொல்லித் தொலையுங்கள்."

"நீங்கள் ஆடிய பலகையில் அடுத்த ஆட்டத்துக்குக் காத்திருக்கிறார்கள்," என்றார் ஹெட்விகா.

"ஆடட்டும். எனக்கென்ன?"

"தோற்றவர் எழுத வேண்டும்."

சிற்றூர்ப் போட்டிகளில் அதுதான் வழக்கம். தோற்றவர் அதே பலகைக்குப் பக்கத்தில் சாக்பீஸோடு நின்று, அடுத்து ஆடுகிற இருவருக்கும் கரும்பலகையில் கணக்கு எழுத வேண்டும். ஐந்நூற்று ஒன்றில் தொடங்கி, எடுத்த புள்ளிகளைக் கழித்துக்கொண்டே வருவார்கள். யாருடைய கணக்கு முதலில் பூஜ்யமாகிறதோ அவருக்கு வெற்றி.

"லண்டனில் அதற்கென்று ஆள் இருந்தார்."

"இங்கேயும் இருக்கிறார். நீங்கள்தான்."

விலெமுக்குக் கோபம் வந்தது. அவமானம் அதைவிட அதிகமாக வந்தது. அவனோடு படம் எடுத்துக்கொள்ள ஆசைப்பட்டு நின்ற ஒரு தம்பதி, இப்போது எங்கே பார்ப்பது என்று தெரியாமல் விழித்தார்கள். அவன் பையிலிருந்து கார் சாவியை எடுத்தான்.

ஹெட்விகா தடுக்கவில்லை. சூப்பைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார். கரும்பலகைக்குப் போய்ச் சாக்பீஸை எடுத்துக்கொண்டு அவனுடைய இடத்தில் நின்றார்.

விலெம் வாசல்வரை போய்விட்டுத் திரும்பி வந்தான்.

"கொடுங்கள்."

கொடுத்தார். மறுபடி சூப்பிடம் போய்விட்டார்.

கணக்கு எழுதுகிறவர் பலகையைப் பார்த்தபடி நிற்க வேண்டும். எறிகிறவரைத் திரும்பிப் பார்க்கக் கூடாது. அசையவும் கூடாது. அம்புகள் காதோரமாக வந்து தைக்கும். முதலில் விலெமின் மனம் பல் மருத்துவரிடமே இருந்தது.

"கழித்தது தப்பு, ஐயா," என்று பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

காது சிவக்க அழித்து எழுதினான். அதற்குப் பிறகு ஒழுங்காக வேலையைப் பார்த்தான். மூன்று அம்புகள் வந்து தைக்கும். கூட்டுவான், கழிப்பான், எழுதுவான். மறுபடி மூன்று அம்புகள். டயர் கடை எப்போது மறந்தது என்று அவனுக்கே தெரியவில்லை. கூட்டம் கைதட்டியபோதுதான் ஆட்டம் முடிந்துவிட்டதென்று உறைத்தது.

"யார் ஜெயித்தது?" என்று கேட்டார் ஹெட்விகா.

"இடப்பக்கக் கணக்கு பூஜ்யமாகிவிட்டது."

"அது யாருடையது?"

விலெம் யோசித்தான். "பார்க்கவில்லையே."

"கை?"

வெள்ளைப் பொடி படிந்த விரல்களை விரித்துப் பார்த்தான். "சொன்னபடி கேட்டது. ஆனால் இது வெறும் சாக்பீஸ். அதுவும் அடுத்தவர்கள் கணக்கு."

ஹெட்விகா மிச்சமிருந்த சூப்பைக் குடித்து முடித்தார்.

ஒலிபெருக்கியில் அவன் பெயரைக் கூப்பிட்டார்கள். அதே பலகை. இன்னொரு முறை தோற்றால் எல்லாம் முடிந்தது. விலெம் தன் மூன்று அம்புகளையும் எடுத்தான். எடுத்தவன் அங்கேயே நின்றான். பயமாக இருந்தது.

"இங்கே பாருங்கள்," என்றான். "எழுதுகிறவன் யார் ஜெயித்தாலென்ன என்று நிற்கலாம். எறிகிறவனால் அப்படி நிற்க முடியுமா? அம்பைத் தூக்கினாலே எல்லாம் ஓடுகிறது. எனக்கு எவ்வளவு மிச்சம், எதிராளிக்கு எவ்வளவு மிச்சம், தோற்றால் என் கதி என்ன. இதையெல்லாம் நான் பார்க்காவிட்டால் வேறு யார் பார்ப்பது?"

ஹெட்விகா பலகைப் பக்கம் கையைக் காட்டினார். அங்கே ஒரு கனத்த மனிதர் ஈரத் துணியால் பழைய எண்களைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அவர் பார்த்துக்கொள்வார். இப்போதுதான் தோற்றார், வேறு வேலை இல்லை."