முந்நூறு நண்டுகளின் வரிசை

கடல் நடுவே ஒரு மணல் தீவு இருந்தது. அதில் முந்நூறு சங்கு நண்டுகள் வாழ்ந்தன. சங்கு நண்டுக்குச் சொந்தமாக ஓடு கிடையாது. கொடுக்கும் கால்களும் கெட்டியாக இருக்கும். முதுகுப் பக்கம் வெறும் சதை. செத்துப்போன சங்கு ஒன்றைத் தேடி, அதற்குள் அந்தச் சதையை நுழைத்துக்கொண்டு, அதையே வீடாகச் சுமந்து திரியும். உடம்பு வளர்ந்தால் வீட்டை மாற்றியே ஆக வேண்டும். மாற்றாவிட்டால் மூச்சு முட்டும்.

வீடு மாற்ற அவர்களிடம் ஒரு முறை இருந்தது. பெரிய சங்கு ஒன்று கிடைத்தால் யாரும் முண்டியடிப்பதில்லை. பெரியவர் முன்னால், சிறியவர் பின்னால் என்று வரிசை கட்டுவார்கள். ஒவ்வொருவரும் தமக்கு முன்னால் நிற்பவரின் சங்கைக் கொடுக்கால் பிடித்துக்கொள்வார்கள். முதல் ஆள் புதுச் சங்கில் ஏறுவார். அவர் விட்ட சங்கில் இரண்டாம் ஆள். அவர் விட்டதில் மூன்றாம் ஆள். இப்படியே கடைக்குட்டி வரை போகும். முன்னவர் ஏறாமல் பின்னவர் இறங்கக் கூடாது. இந்த ஒரு சட்டம் போதும், எந்த நேரத்திலும் ஒரே ஒரு முதுகுதான் வெறுமையாக இருக்கும். மற்ற அத்தனை பேரும் அதற்குக் காவல்.

இவ்வளவு அழகான முறை இருந்தும் வரிசை கட்டுவது நின்றுபோய் வெகுகாலமாகியிருந்தது. தீவில் ராசா என்று ஒருவர் வந்து உட்கார்ந்ததுதான் காரணம். அவர் ஓர் உடும்பு. அக்கரையிலிருந்து நீந்தி வந்தவர். கரை ஒதுங்கும் சங்குகளையெல்லாம் வாலால் வாரிக் குவித்து, குவியலின்மேல் படுத்துக்கொண்டார். சங்கு வேண்டுமென்றால் ஆமை முட்டைகளைத் தோண்டிக் கொண்டுவந்து அவர் வாயருகே வைக்க வேண்டும். தின்று ஏப்பம் விட்ட பிறகு, "அடுத்த மாதம் பார்க்கலாம்" என்பார். அடுத்த மாதமும் அதையேதான் சொல்வார்.

செம்பி என்ற நண்டு மூன்று மாதமாக முட்டை சுமந்தாள். தனக்காக அல்ல, தங்கை பவளிக்காக. பவளி வளரும் வயதில் இருந்தாள். அவள் சங்கோ விரல்நுனி அளவுதான். காக்கை நிழல் பட்டால் மற்றவர்கள் உள்ளே சுருங்கிக்கொள்வார்கள். பவளியால் பாதிதான் நுழைய முடியும்.

"அக்கா, வளராம இருக்க ஏதாவது வழி இருக்கா?" என்று ஒருநாள் கேட்டாள் பவளி.

ஒரு பிள்ளை இப்படியா கேட்க வேண்டும்?

அன்றைக்கே செம்பி கருங்கொடுக்கனைப் போய்ப் பார்த்தாள். தீவிலேயே பெரிய நண்டு அவன். வாய்ப்பேச்சிலும் பெரியவன்தான், ஆனால் அன்று பேச்சோடு நிற்கவில்லை. இருவரும் மணலில் படர்ந்த அடம்புக்கொடி அடியெல்லாம் போய் ஒவ்வொருவரிடமும் பேசினார்கள். நாலாம் நாள் நடுப்பகல், உடும்பு ராசா குறட்டை விட்டுக்கொண்டிருந்தபோது முந்நூறு பேரும் வரிசை கட்டினார்கள். கருங்கொடுக்கன் ராசாவின் வால் நுனியைக் கவ்வினான். அவன் சங்கை அடுத்தவர் பிடித்தார். அவர் சங்கை அதற்கடுத்தவர். செம்பியின் சங்கைப் பவளி பிடித்திருந்தாள். எல்லாரும் மணலில் காலூன்றி இழுத்தார்கள்.

ராசா அலறிக்கொண்டு எழுந்தார். வாலைச் சுழற்றி அடித்தார். வரிசை வளைந்தது, அறுபடவில்லை. குவியலிலிருந்து சரிந்து, மணலில் புரண்டு, கடைசியில் அலைக்குள் விழுந்தார். விழுந்ததும் அவருடைய மரியாதையும் கூடவே விழுந்தது. "பொறுங்கடா! சொந்தக்காரங்க எல்லாரையும் கூட்டிட்டு வர்றேன்" என்று கத்திக்கொண்டே அக்கரை பார்த்து நீந்தினான் அந்த உடும்பு.

அன்று மாலை குவியல் முன்னால் வரிசை நின்றது. செம்பி பெரிய சங்கில் ஏறினாள். அவள் விட்டதில் பவளி ஏறினாள். அது விளிம்பில் சின்னதாக ஒரு கீறல் விழுந்த பழுப்புச் சங்கு. பவளி உள்ளே போய், மறுபடி வெளியே எட்டிப் பார்த்து, மறுபடி உள்ளே போனாள். முழு உடம்பும் கொள்ளும் ஒரு வீடு அவளுக்கு வாய்த்தது அதுதான் முதல் தடவை. செம்பி அழுதாள். சந்தோஷத்தில்தான்.

சந்தோஷம் நாலு நாள் இருந்தது. அதற்குள் பயம் வந்துவிட்டது. உடும்பு சொன்ன சொந்தக்காரர்கள் எத்தனை பேர்? எப்போது வருவார்கள்? வேறு பேச்சே இல்லை.

பயந்தவன் வீட்டைத் தேடி உபகாரிகள் வருவது ஊர் வழக்கம். முதலில் வடக்கேயிருந்து கடற்காகக் கூட்டம் வந்தது. அவர்களின் தலைவி வெண்ணிறகி தலை தாழ்த்திப் பேசினாள். உங்கள் வீரத்தைக் கேட்டு வானமே சிலிர்த்துப் போயிற்று என்றாள். வடகரையில் உட்கார இடம் கொடுத்தால் வானத்திலிருந்து காவல் பார்ப்பதாகவும், வடகரைக்காரர்களுக்கு வெள்ளைச் சங்குகள் கொண்டுவந்து போடுவதாகவும் சொன்னாள். மறுநாள் தெற்குப் பாறைக் குட்டையில் ஒரு பேய்க்கணவாய் தலைநீட்டியது. எட்டுக் கை இருந்ததால் எட்டுக்கையார் என்றே அவரை அழைத்தார்கள். அவர் ரொம்பப் பேசவில்லை. காகங்களை நம்பாதீர்கள், கடலுக்கடியில் வரும் உடும்பை அவர்களால் பார்க்க முடியாது, நான் பார்ப்பேன் என்றார். குட்டையை மட்டும் கேட்டார். தென்கரைக்காரர்களுக்குப் புள்ளிச் சங்கு தருவதாகச் சொன்னார்.

செம்பிக்கு இது பிடிக்கவில்லை. "ரெண்டு பேரும் நண்டு திங்கிற சாதி அண்ணே" என்றாள்.

வெற்றிக்குப் பிறகு தலைவராகியிருந்த கருங்கொடுக்கன் சிரித்தான். "அதனாலதாம்மா ரெண்டு பேரையும் வச்சிருக்கேன். இவ தின்ன வந்தா அவன் தடுப்பான். அவன் வந்தா இவ தடுப்பா. இதுக்குப் பேரு ராஜதந்திரம்."

ராஜதந்திரம் அவன் தலைக்கு ஏறிவிட்டது. வெண்ணிறகியைப் பார்க்கப் போகும்போது வெள்ளைச் சங்கு. எட்டுக்கையாரைப் பார்க்கப் போகும்போது புள்ளிச் சங்கு. தீவின் நடுவே ஒரு மணல்மேடு உண்டு. அங்கே கொடி மறைவில் இரண்டையும் ஒளித்து வைத்து மாற்றி மாற்றிப் போட்டுக்கொள்வான். எல்லாருக்கும் தெரியும். தலைவர் ஆயிற்றே என்று யாரும் கேட்கவில்லை.

கொஞ்ச நாளில் தீவு இரண்டாகிவிட்டது. வடகரைக்காரர்கள் தென்கரைக்காரர்களைக் குட்டைக்காரன் என்றார்கள். அவர்கள் இவர்களைக் காக்காக்கூட்டம் என்றார்கள். பவளி வடகரையில் ஒரு கொடியடியைப் பிடித்துக் குடியிருந்தாள். செம்பி இருந்தது தென்கரை. அக்காவும் தங்கையும் சந்திக்க வேண்டுமென்றால் மணல்மேட்டில் நாலு பேர் பார்க்காத நேரமாகப் பார்த்துச் சந்திக்க வேண்டியிருந்தது. வெற்றி பெற்ற நாட்டில் இப்படியும் ஒரு கொடுமை.

வரிசையும் இரண்டாக உடைந்தது. அங்கேதான் வந்தது வினை. வரிசை என்றால் எல்லா அளவிலும் ஆள் வேண்டும். பாதிப் பேர் அந்தக் கரையில் இருந்தால் நடுவில் ஓட்டை விழும். ஒருவர் விட்ட சங்கு அடுத்தவருக்குத் தொளதொளவென்று இருந்தது. வரிசை பாதியிலேயே நின்றது. சின்னவர்களுக்கு மறுபடி மூச்சு முட்டியது. அடுத்த கரையில் பொருத்தமான ஆள் இருக்கிறார் என்று தெரிந்தும் கூப்பிட யாருக்கும் மனம் வரவில்லை. அவரவர் காவல்காரரிடம் போய்ப் புதுச் சங்கு கேட்டார்கள்.

இரண்டு காவல்காரர்களும் பதில் சொன்னார்கள். எந்தப் பஞ்சாயத்திலும் ஒத்துப்போகாத அந்த இருவரும் இதில் மட்டும் ஒரே பதிலைச் சொன்னார்கள். வரிசையெல்லாம் சங்கு இல்லாத காலத்துப் பழக்கம். விடுதலை பெற்றவர்கள் எதற்கு ஒருவர் விட்டதை ஒருவர் போட வேண்டும்? பௌர்ணமிக்கு மறுநாள் உச்சிப்பொழுதில், கடல் வற்றும் நேரத்தில், எல்லாரும் கரைக்கு வாருங்கள். பழைய சங்கைக் கழற்றிக் குவித்துவிடுங்கள். ஆளுக்கொரு புதுச் சங்கு, அளவு பார்த்து, கையில் தருகிறோம்.

தென்கரைக் கூட்டத்தில் செம்பி எழுந்து நின்றாள். "முன்னவர் ஏறாம பின்னவர் இறங்கக் கூடாது. நம்ம சட்டத்த மறந்துட்டீங்களா? எல்லாரும் ஒண்ணாக் கழட்டினா யாருக்கு யாரு காவல்?" என்று கேட்டாள்.

காவலுக்குத்தான் எட்டுக்கையார் இருக்கிறாரே என்றார்கள். இவள் தங்கை காக்காக்கூட்டத்தில் இருக்கிறாள், அங்கிருந்து சொல்லிக் கொடுத்துப் பேசுகிறாள் என்று ஒருவன் சொன்னான். அதன்பிறகு அவள் வாயைத் திறக்க விடவில்லை. ஆனாலும் பத்துப் பேர் மட்டும் சொன்ன நாளில் கரைக்குப் போகாமல் கொடியடியில் தங்கிவிட்டார்கள். வயதானவர்கள். புதுச் சங்கில் அவர்களுக்கு அவ்வளவாக ஆசையும் இல்லை.

அந்த நாள் காலையில் செம்பி மணல்மேட்டைத் தாண்டி வடகரைக்கு ஓடினாள். மணல் காலைச் சுட்டது. போய்ச் சேரும்போது உச்சிப்பொழுது ஆகிவிட்டது. வடகரை முழுக்கக் கூட்டம். பாறைமேல் கடற்காகங்கள் வெள்ளை வெளேரென்று உட்கார்ந்திருந்தன. புதுச் சங்கு ஒன்றைக்கூடக் காணோம்.

பவளியைக் கண்டுபிடித்து அவள் சங்கைப் பின்னாலிருந்து பிடித்துக்கொண்டாள் செம்பி. "கழட்டாதடி. சங்கு எங்க இருக்கு பாரு. ஒண்ணாவது கண்ணுல படுதா?"

"வந்துரும்னு சொல்றாங்கக்கா."

"வந்த பொறவு கழட்டு. அக்கா சொல்றதக் கேளு."

பவளி சுற்றுமுற்றும் பார்த்தாள். பக்கத்திலிருந்தவர்கள் ஒவ்வொருவராகக் கழற்றிக்கொண்டிருந்தார்கள். குட்டைக்காரியோடு என்ன பேச்சு என்று யாரோ முணுமுணுத்தார்கள். அவள் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"நீ சொல்றது சரியாவே இருக்கட்டும். எல்லாரும் கழட்டுறப்ப நான் மட்டும் கழட்டாம நின்னா, நாளைக்கு இந்தக் கரையில எப்படிக்கா இருப்பேன்?"

சொல்லிவிட்டு இறங்கினாள். இளஞ்சிவப்பாக, மெத்தென்று இருந்தது அவள் முதுகு. பழுப்புச் சங்கைக் குவியலில் போட அவள் கொடுக்கை நீட்டினாள். செம்பி விடவில்லை. முறைப்படி கொடுக்கால் இறுகப் பிடித்து, வாய்ப் பக்கத்தைத் தங்கை பக்கம் திருப்பி வைத்துக்கொண்டாள். பவளிக்கு வெட்கமாக இருந்தது. அக்காவை விட்டுவிட்டுக் கூட்டத்தோடு நாலடி முன்னால் போய் நின்றாள்.

வெண்ணிறகி ஒரு குரல் கொடுத்தாள். நீளமான, கூர்மையான ஒரே குரல்.

அந்தக் குரலுக்கு வடகரையில் நூறு சிறகுகள் எழுந்தன. அதே குரலுக்குத் தெற்கே குட்டைத் தண்ணீர் கலங்கும் சத்தம் கேட்டது. இரண்டு கரைக்கும் ஒரே சைகை. செம்பிக்கு அப்போதுதான் புரிந்தது. அந்த இரண்டு பேருக்கும் நடுவில் பகை என்று ஒன்று என்றைக்குமே இருந்ததில்லை. வடக்கு உனக்கு, தெற்கு எனக்கு என்று முதல் நாளே பங்கு பிரித்திருக்கிறார்கள்.

"பவளி! உள்ள வாடி!"

பவளி திரும்பினாள். அக்கா கொடுக்கில் அந்தப் பழைய சங்கு வாய் திறந்து இருந்தது. ஓடி வந்தாள். நண்டுக்கு நாலடி தூரம் என்ன பெரிய தூரம்? ஆனால் மூன்றாவது அடியில் ஒரு நிழல் விழுந்தது. பவளியின் கொடுக்கு நுனி சங்கின் விளிம்பில், அந்தக் கீறல்மேல், ஒரு கணம் பட்டது. பிறகு படவில்லை.

செம்பி தன் சங்குக்குள் சுருங்கிக்கொண்டாள். ஒரு கொடுக்கு மட்டும் வெளியே இருந்தது, தங்கையின் வீட்டைப் பிடித்தபடி.

வெளியே வந்தபோது கடல் ஏறிக்கொண்டிருந்தது. காகங்கள் இல்லை. குட்டையில் எட்டுக்கையாரும் இல்லை. மணல்மேட்டில் ஒரு வெள்ளைச் சங்கும் ஒரு புள்ளிச் சங்கும் அருகருகே கிடந்தன. ஒன்றிலிருந்து இறங்கி இன்னொன்றில் ஏறுவதற்குள் கருங்கொடுக்கனுடைய ராஜதந்திரம் முடிந்துபோயிருந்தது. கரை முழுக்கச் சங்குகள், எல்லா அளவிலும். யாரும் யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. கேட்கத்தான் யாரும் இல்லை.

கொடியடியில் தங்கிய பத்துப் பேரும் செம்பியும் மிஞ்சினார்கள். பதினொரு பேர்.

ஏழாம் நாள் உடும்பு வந்தான். சொந்தக்காரர்கள் யாரும் வரவில்லை. அவன் மட்டும்தான். தண்ணீர் சொட்டக் கரையேறி, சிதறிக் கிடந்த சங்குகளைப் பார்த்து நாக்கை நீட்டினான்.

பதினொரு பேரும் எழுந்தார்கள். பெரியவர் முன்னால், சிறியவர் பின்னால். ஒருவர் சங்கை ஒருவர் பிடித்துக்கொண்டார்கள். குட்டையாக இருந்தது வரிசை. செம்பிக்குப் பின்னால் நிற்க ஆள் இல்லை. அவள் ஒரு கொடுக்கால் முன்னவரைப் பிடித்துக்கொண்டு, மறு கொடுக்கால் கீறல் விழுந்த சங்கை இழுத்துக்கொண்டு நடந்தாள்.

உடும்பு வரிசையைப் பார்த்தான். வாலைச் சட்டென்று உள்ளே இழுத்துக்கொண்டான். அவனுக்கு நினைவிருந்தது. இரண்டடி பின்வாங்கினான். அப்புறம் எண்ணிக்கூடப் பார்க்காமல் தண்ணீரில் குதித்து அக்கரையை நோக்கிப் போய்விட்டான்.

வரிசை அப்படியே நின்றது. முன்னால் நின்ற கிழட்டு நண்டு மட்டும் முனகினார். "போயிட்டானே" என்றார்.

செம்பி பழுப்புச் சங்கை மணலில் வைத்தாள். அதன் வாயருகே குனிந்தாள்.

"பதினோரு பேரு போதுமா இருந்துச்சுடி பவளி. நாம முந்நூறு பேரு இருந்தோம்."

ஒருவரையொருவர் பிடித்து நின்று வென்ற விடுதலையை, அந்தப் பிடியை விட்டுவிட்டு அந்நியரின் காவலில் ஒப்படைப்பவர்கள் அந்தக் காவலுக்கே இரையாவார்கள்.