கோடையில் திறந்த புத்தகம்

அநியாயம் நடந்தது ஓர்ஃபாவுக்கு. நெவாடாவின் வறண்ட பள்ளத்தாக்கு ஒன்றில் வாழும் ஷோஷோனிப் பழங்குடிப் பெண் அவள், வயது எழுபத்தொன்று. வெந்நீர் ஊற்றுக்கு மேலே உள்ள பாறைச் சரிவில் அவளுடைய முன்னோரைப் புதைத்திருக்கிறார்கள். அந்தச் சரிவைத் தோண்டித் தங்கம் எடுக்க ஒரு சுரங்க நிறுவனம் அனுமதி கேட்டது. பிப்ரவரியில், முழங்கால் உயரப் பனியில் நடந்து வந்து ஓர்ஃபா விசாரணை அதிகாரியின் முன்னால் நின்றாள். "எந்தக் கல்லுக்குக் கீழ எங்க ஆளுங்க இருக்காங்கன்னு சொல்ற கதை எங்கிட்ட இருக்கு. இப்பவே சொல்றேன், எழுதிக்கோங்க" என்றாள். வாய்மொழி ஆதாரமாகாது, அச்சில் இருந்தால் கொண்டு வாருங்கள் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

அச்சிலும் இருந்தது என்பதுதான் வயிற்றெரிச்சல். நாற்பத்தைந்து வருடங்களுக்கு முன் வீட்லி என்கிற ஆய்வாளர் ஷோஷோனி மக்களின் வரலாற்றையும் வழக்கங்களையும் பற்றிப் புத்தகம் போட்டிருந்தார். அதில் பதினோராவது கதை ஓர்ஃபா சொன்னது. நரி ஓடி ஓடிக் களைத்து, கல் கல்லாக நின்று அழுகிற கதை. அது நிற்கும் ஒவ்வொரு கல்லும் ஒரு புதைகுழி. ஓர்ஃபாவின் வாயில் இருந்தவரை செல்லாத கதை, வீட்லியின் பெயர் போட்ட தாளில் ஏறியதும் செல்லுபடியாகிவிட்டது!

ஓர்ஃபாவின் தம்பி மகள் லொரீனா பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவள். ஊர் ஊராகப் பல்கலைக்கழக நூலகங்களுக்கு எழுதிப் போட்டு, எங்கோ மிஞ்சியிருந்த ஒரே பிரதியை வரவழைத்தாள். அது வந்து சேர்ந்தது ஜூன் கடைசியில். விசாரணைக்குக் கொடுத்த தேதியோ ஜூலையில்.

சிக்கல் இங்கேதான். அந்தக் கதைகளைப் பனிக்காலத்தில் மட்டும்தான் சொல்லலாம். கோடையில் சொன்னால் பாம்பு வரும். வேறு யாரையும் தேடாது, சொன்னவரைத்தான் தேடி வரும். 'தரையில் பனி இல்லாத நாளில் இவற்றை யாரும் வாய்விட்டுப் படிக்க விடமாட்டேன் என்று ஓர்ஃபாவுக்கு வாக்குக் கொடுத்திருக்கிறேன்' என்று வீட்லியே முன்னுரையில் எழுதியிருந்தார். அச்சடித்த புத்தகத்துக்குப் பருவம் ஏது? காப்பாற்ற முடியாத வாக்கைக் கொடுத்துவிட்டு மனிதர் போய்ச் சேர்ந்தும் விட்டார்.

விசாரணை நாளன்று லொரீனாவின் அண்ணன் டெல்மர் வண்டி ஓட்டினான். ஒரு மாதமாக மழை இல்லை. ஆனாலும் மலைக்கு மேலே வானம் ஈயம் போலக் கறுத்துக் கிடந்தது. ஓர்ஃபா ஜன்னல் கண்ணாடியை ஏற்றிவிட்டு உட்கார்ந்திருந்தாள்.

"பாம்பு என்னைக் கடிச்சா பாம்புக்குத்தான் ஆபத்து அத்தை" என்றான் டெல்மர்.

"ஆமா, நீ குடிக்கிற காபிக்கு அது செத்துதான் போகும்" என்றாள் லொரீனா.

ஓர்ஃபா சிரிக்கவில்லை. அலுவலகப் படிக்கட்டில் ஒரு பாம்புச் சட்டை காற்றில் அசைந்துகொண்டிருந்தது. அதை மிதிக்காமல் ஒதுங்கி ஏறினாள்.

உள்ளே, லொரீனா புத்தகத்தை அதிகாரியின் மேசைமேல் வைத்தாள். "நீங்களே மனசுக்குள்ள படிச்சுக்கோங்க ஐயா. கோடையில வாய்விட்டுப் படிக்கக் கூடாது."

நிறுவனத்தின் வக்கீல் ஹாஸ்கெட் இதற்காகவே காத்திருந்ததுபோல எழுந்தார். அவர் முன்னுரையைப் படித்திருந்தார். "பதிவில் ஏற வேண்டுமானால் சபையில் வாய்விட்டுப் படிக்க வேண்டும். அதுதான் விதி. படிக்கட்டுமே! ஜூலையில் படித்துவிட்டால், இவர்களே இந்த வழக்கத்தை நம்பவில்லை என்று ஆகிறது. வழக்கம் கட்டுக்கதை என்றால் புதைகுழிகளும் கட்டுக்கதைதான். படிக்கவில்லை என்றால், ஆதாரம் இல்லை." சொல்லிவிட்டுத் தண்ணீர் குடித்தார்.

அதிகாரி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "பத்து நிமிடம் தருகிறேன்."

பிப்ரவரியில் சொல்ல வந்தவளின் வாயை அடைத்த அதே மேசை, ஜூலையில் வாயைத் திற என்கிறது. வெளியே, மழையில்லாமல் இடி உருண்டது.

"படிச்சிடு" என்றான் டெல்மர், பல்லைக் கடித்துக்கொண்டு. "எலும்பை லாரியில அள்ளிட்டுப் போன பிறகு வழக்கத்தை வச்சு என்ன செய்யப் போறோம்?"

"மூடு" என்றாள் ஓர்ஃபா. "அங்க படுத்திருக்கறவங்களே இதைக் கேட்டிருந்தா மூடத்தான் சொல்லியிருப்பாங்க. அவங்களுக்காக அவங்க சட்டத்தையே மீறுவியா?"

லொரீனாவின் விரல் பதினோராவது கதையின் பக்கத்தில் இருந்தது. படித்தால் அவர்கள் பொய்யர்கள். படிக்காவிட்டால் நாளைக்கே இயந்திரம் சரிவில் ஏறும்.

இப்போது நீங்கள் சொல்லுங்கள். படி என்று டெல்மர் சொன்னது சரியா, மூடு என்று ஓர்ஃபா சொன்னது சரியா? அல்லது வக்கீல் போட்ட முடிச்சே தவறா?

விடை: முடிச்சுதான் தவறு. சட்டத்தை மீறுகிறவர்கள் எல்லாரும் அதை நம்பாதவர்கள் என்று ஹாஸ்கெட் எடுத்துக்கொண்டார். தண்டனை இல்லை என்று நினைப்பவன் மீறுவது ஒன்று. தண்டனை தன்மேல்தான் விழும் என்று தெரிந்தே மீறுவது வேறொன்று. டெல்மர் அந்த விலையை மறந்தான். ஓர்ஃபா மறக்கவில்லை, அதை லொரீனாவின் தலையில் ஏற்ற மனமில்லாமல்தான் மூடச் சொன்னாள். இதில் இரண்டு பூட்டுகள் இருந்தன. வாக்கு, வீட்லி ஓர்ஃபாவுக்குக் கொடுத்தது, அதை அவள் விட்டுக்கொடுக்கலாம். பருவத்தின் சட்டத்தை யாரும் விட்டுக்கொடுக்க முடியாது, விலைதான் கொடுக்க முடியும். லொரீனா முதலில் அந்த வாக்கை விட்டுக்கொடுக்கும்படி அத்தையிடம் கேட்டாள். ஓர்ஃபா, "விட்டுட்டேன். மத்தது என் கையில இல்ல" என்றாள். லொரீனா எழுந்து புத்தகத்தை விரித்தாள். வக்கீலின் பக்கம் திரும்பினாள்.

"நம்பாதவளா இருந்தா இந்நேரம் படிச்சு முடிச்சிருப்பேன், ஐயா. எது வரும், யாரைத் தேடி வரும்னு தெரிஞ்சுதான் படிக்கப் போறேன். நாங்க நம்பறோமா இல்லையான்னுதானே உங்களுக்குச் சந்தேகம்? புத்தகத்தைப் பார்க்காதீங்க. அதைப் பிடிச்சிருக்கிற என் கையைப் பாருங்க, பாம்பு தேடி வரப்போறது இதைத்தான்."