கரியாற்றில் விட்ட கெண்டைகள்

நிலக்கரி வெட்டிய காலத்தில் கரியாற்றில் வேட்டியை நனைத்தால் கறுத்துத்தான் வெளியே வரும். சுரங்கத்தை மூடிப் பல வருஷம் ஆகிவிட்டது. இப்போது பெயரில்தான் கரி. அடியில் கிடக்கும் கூழாங்கல்லைக் கரையில் நின்றே எண்ணலாம்.

அந்தக் கரையிலிருந்து கூப்பிடு தூரத்தில் ஒரு மடம். அதன் குரு வடிவாம்பிகை அம்மா. வெளியூரிலிருந்து வந்து அவரிடம் சீடராகச் சேர்ந்தவர் கலியமூர்த்தி. வயதில் மூத்தவர் என்பதால் அம்மா அவரை ‘ஐயா’ என்றே கூப்பிடுவார். நல்ல மனிதர்தான். ஆனால் அவருக்கு வெளுத்ததெல்லாம் பால்.

அன்று காலை அவருடைய தங்கை தனக்கோடி மடத்து வாசலில் வந்து உட்கார்ந்தாள். புருஷன் சாவுக்கு அண்ணன் வரவில்லை. காரியம் முடிந்த கையோடு அவளே தேடி வந்துவிட்டாள்.

கலியமூர்த்தி வாசல் பக்கமே போகவில்லை. நேரே குருவிடம் போனார்.

“எனக்குக் காவி குடுங்கம்மா. மனசு தெளிஞ்சிருச்சு.”

“எதை வச்சுச் சொல்றீங்க?”

“கூடப் பொறந்தவ வாசல்ல அழுதுகிட்டிருக்கா. எனக்குள்ள ஒரு அலைகூட எழும்பல. நம்ம ஆறு மாதிரி ஆயிட்டேன்.”

அம்மா பின்கட்டுப் பக்கம் கையைக் காட்டினார்.

“முதல்ல குட்டை மீனை நல்ல தண்ணியில விட்டுட்டு வாங்க ஐயா. மத்ததை அப்புறம் பேசலாம்.”

காவி கேட்பவர் சில உயிர்களையாவது பிழைக்க வைக்க வேண்டும் என்பது அந்த மடத்து வழக்கம். கோடையில் பின்கட்டுக் குட்டை வற்றும். அதில் தவிக்கும் மீன்களை அள்ளிப்போய் வேறு தண்ணீரில் விடுவார்கள்.

கலியமூர்த்தி ஒரு குடம் நிறையக் கெண்டைகளை அள்ளினார். வழியில் ஊர் ஏரி. எருமைகள் புரண்டுகொண்டிருந்தன, கரையெல்லாம் பாசி. மூக்கைச் சுளித்துக்கொண்டு அதைக் கடந்து போனார். போயும் போயும் இந்தச் சேற்றிலா விடுவது?

கரியாறு கண்ணாடியாய் ஓடியது. அதில் யாரும் ஒரு குடம் தண்ணீர் மொண்டு அவர் பார்த்ததில்லை. ஏன் என்று யோசித்ததும் இல்லை. “போய்ப் பிழைங்க” என்று சொல்லிக் குடத்தைக் கவிழ்த்தார்.

மீன்கள் நாலாபுறமும் பாய்ந்தன. பாய்ந்த வேகத்திலேயே திரும்பி வந்தன. ஒன்று தண்ணீரை விட்டுத் துள்ளிக் கரையில் விழுந்தது. அவர் பதறிப்போய் அதை எடுத்து மறுபடி ஆற்றில் போட்டார். அது வாயைப் பிளந்து, மல்லாந்து, வெள்ளை வயிற்றைக் காட்டியது. பிறகு எல்லாமே மல்லாந்தன.

கலியமூர்த்திக்கு உலகமே நின்றுவிட்டது. வேட்டியோடு ஆற்றில் இறங்கினார். இரண்டு கையாலும் அள்ளினார். ஒன்றுகூட அசையவில்லை. “ஐயோ, அம்மா!” என்று அலறினார்.

அலறல் கேட்டு ஓடி வந்த குரு கரையில் அப்படியே நின்றுவிட்டார். அவர் முகமும் வெளுத்துப்போயிற்று.

“ஆத்துலயா விட்டீங்க? ஏரியிலன்னுல்ல நெனச்சேன்!”

“இதைவிடத் தெளிவான தண்ணி எங்கம்மா இருக்கு? இதுல அப்படி என்ன விஷம்?”

“மூடின சுரங்கத்துக்குள்ள தண்ணி ரொம்பி, கல்லுல இருக்கற திராவகத்தையெல்லாம் கரைச்சுக்கிட்டு இதுல வந்து விழுது. கரி ஓடினப்பக்கூட இதுல மீன் இருந்துச்சு. இப்போ பாசி இல்ல, புழு இல்ல, சேத்தைக் கிளப்ப ஒரு தவளை இல்ல. தெளியாம என்ன செய்யும்?”

கலியமூர்த்தி கையிலிருந்த கெண்டைகளைப் பார்த்தார். கன்னத்தில் வழிந்ததை அவர் கவனிக்கவே இல்லை.

மடத்து வாசலிலிருந்து தனக்கோடியின் அழுகுரல் அங்கேயும் கேட்டது. காலையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்த குரல்தான். இப்போதுதான் அவர் அந்தப் பக்கம் திரும்பினார்.

“எந்த மொகத்தோடம்மா அவ முன்னாடி போய் நிப்பேன்?” என்று கேட்டபடி, தோளில் கிடந்த துண்டை எடுத்து முகத்துக்குக் கொண்டுபோனார்.

அம்மா அந்தத் துண்டைப் பிடித்துக்கொண்டார்.

“தொடைக்காதீங்க ஐயா. இந்த மொகத்தோடயே போங்க.”