ருசி பார்க்காமல் போட்ட உப்பு

காவிரிக்கரை மடம் ஒன்றில் பிள்ளைகளுக்குப் பதிகம் சொல்லிக்கொடுத்து வந்தார் மாசிலாமணி. மடத்துக் குருவான ஞானவல்லி அம்மாவைவிட அவருக்கு வயது அதிகம். அதனாலென்ன, சீடர் சீடர்தான். அம்மா முன்னால் கைகட்டித்தான் நிற்பார்.

அன்று வகுப்புக்குப் போகாமல் நேரே அடுக்களைக்கு வந்தார். அம்மா மோர் கடைந்துகொண்டிருந்தார்.

“எனக்கு விடை கொடுங்கம்மா. இனிமே பாட்டு சொல்லிக்கொடுக்க என்னால ஆகாது.”

“ஏன்?”

“போன வாரம் பாதிப் பாட்டுல அடி மறந்துபோய் நின்னுட்டேன். அப்பாவுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுது. மூளைக்குப் போற ரத்தக்குழாய் கொஞ்சம் கொஞ்சமா அடைச்சு, கடைசியில என்னைப் பார்த்தே நீ யாருன்னு கேட்டார். இப்ப எனக்கு மரபணுச் சோதனை பண்ணிப் பார்த்த டாக்டர், உங்களுக்கும் அது வர்ற உடல்வாகு இருக்குன்னுட்டார்.”

பெற்ற அப்பா தன்னை அந்நியனாகப் பார்த்த பார்வை மனிதரை இன்னும் விடவில்லை.

“தலையெழுத்தை யாரால அழிக்க முடியும்மா?”

அம்மா ஒரு டம்ளர் மோர் ஊற்றி நீட்டினார். மாசிலாமணியின் கை தன்பாட்டுக்கு உப்புச் சாடிக்குள் போயிற்று. தாராளமாக அள்ளிப் போட்டு ஒரு வாய் குடித்தார். முகம் அஷ்டகோணலாயிற்று.

“நான் முன்னமே உப்பு போட்டாச்சே. வாயில வைக்காமலே ஏன் போட்டீங்க?” என்றார் அம்மா.

“எங்க வீட்டுல எல்லாருமே அப்படித்தான். அப்பா எதுலயும் உப்பை அள்ளிப் போட்டுட்டுத்தான் வாயில வைப்பார்.”

“அதுவும் மரபணுவா?”

அத்தனை கலக்கத்திலும் மாசிலாமணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “இல்லம்மா. பார்த்துப் பழகினது.”

“டாக்டர் வேற ஒண்ணும் சொல்லலையா?”

அவர் யோசித்தார். “சொன்னார். பிரஷரைக் கட்டுக்குள்ள வைக்கணும், உப்பைக் குறைக்கணும், தினம் நடக்கணும். அப்படி இருந்தா தள்ளிப்போகலாம், வராமலே கூடப் போகலாம்னார்.”

“இதை ஏன் முதல்லயே சொல்லல?”

“முதல் பேச்சைக் கேட்டதும் மத்தது எதுவும் மனசுல ஏறலம்மா.”

“உங்க அப்பாவுக்கு இதையெல்லாம் யார் சொன்னாங்க?”

“யாரும் சொல்லல. பிரஷர் இருக்குங்கிறதே அவர் விழுந்த பிறகுதான் தெரிஞ்சுது.”

“பார்த்தீங்களா, இது அவருக்குக் கிடைக்கல. உங்களுக்குக் கிடைச்சிருக்கு.”

மாசிலாமணி டம்ளரைக் கீழே வைத்தார். மனசு கொஞ்சம் லேசாயிற்று. ஆனாலும் பயம் அவ்வளவு சுலபமாகப் போய்விடுமா?

“எல்லாம் பண்ணியும் வந்துட்டா? பாட்டு நடுவுல மறுபடியும் மறந்து நின்னுட்டா?”

“நீங்க சொல்லிக்கொடுத்த பிள்ளைங்க அடுத்த அடியை எடுத்துக் கொடுப்பாங்க” என்றார் அம்மா. “போங்க, காத்துக்கிட்டிருக்காங்க.”