கடைசி ஒட்டகத்தின் மணி

மனிதர் கேட்டால் ஒட்டகம் வாய் திறந்து பதில் சொன்ன காலம் ஒன்று இருந்தது. அப்போது மணல் நாட்டில் ஜேசா என்பவர் உப்பு வணிகக் கூட்டங்களுக்கு வழிகாட்டியாக நடந்துவந்தார். ஒரு பயணத்தில் அவரோடு இருபத்தொரு ஒட்டகங்கள். முதல் ஒட்டகத்தின் மேல் அவர் மகள் கேமி காய்ச்சலோடு படுத்திருந்தாள். பத்தொன்பது ஒட்டகங்கள் உப்பு சுமந்தன. தண்ணீர்த் தோல்பைகள் ஆறும் கடைசியில் வந்த கிழப் பெண் ஒட்டகத்தின் மேல் இருந்தன. தண்ணீர் முன்னால் போனால் அதன் வாசனைக்குப் பின்னால் வருபவை முண்டியடிக்கும். அதனால்தான் அந்த ஏற்பாடு.

வழிகாட்டி திரும்பிப் பார்க்கக் கூடாது. பார்த்தால் திசை தவறிவிடும். ஆகவே ஜேசா நடந்தபடியே, "இருக்கிறாயா?" என்று குரல் கொடுப்பார். கடைசி ஒட்டகம், "இருக்கிறேன்" என்னும். காலை முதல் மாலை வரை இதே கேள்வி, இதே பதில்.

கிழ ஒட்டகத்துக்கு அலுத்துவிட்டது. முன்னால் போகிறவர்கள் கிளப்பிய புழுதியெல்லாம் அதன் வாய்க்குத்தான் வந்தது. கால் நடந்தது, நாக்குதான் எழவில்லை. ஒரு பிற்பகலில், தனக்கு முன்னால் போன இளம் ஒட்டகத்திடம், கொஞ்ச தூரத்துக்குத் தனக்காகப் பதில் சொல்லும்படி கெஞ்சியது.

"என் வாயை வாடகைக்குக் கேட்கிறீர்களா, பெரியம்மா?"

"வாடகையெல்லாம் கிடையாது. சும்மா சொல்லப்பா."

இளையது சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டது. கேள்வி வந்தபோதெல்லாம் "இருக்கிறேன்" என்றது. பதில் சொல்லும் வேலை போனதும் கிழ ஒட்டகம் கண்ணை மூடிக்கொண்டு நடந்தது. பிறகு நின்றது. பிறகு மண்டியிட்டுப் படுத்துவிட்டது. காற்று கால்தடங்களை மூடியது.

மாலையில் கூட்டம் தங்கியது. கேமி தண்ணீர் கேட்டாள். ஜேசா வரிசையின் கடைசிக்கு வந்தார். அங்கே தோல்பைகள் இல்லை.

"இத்தனை நேரம் இருக்கிறேன் என்றது யார்?"

"நான்தான் ஐயா. பெரியம்மா சொல்லச் சொன்னார்கள்."

"நீ இருக்கிறாயா என்று நான் கேட்கவில்லையே."

அடுத்த கிணறு நாளை மறுநாள்தான் வரும். கேமியின் உதடுகள் வெடித்திருந்தன. ஜேசா வந்த வழியே திரும்பினார். கூப்பிட்டுக் கூப்பிட்டுக் குரல் கம்மிப்போனது. கண்டுபிடித்தபோது விடிந்திருந்தது. கிழ ஒட்டகம் தூங்கிக்கொண்டிருந்தது. ஒரு பை கிழிந்து வடிந்திருந்தது, மற்ற ஐந்தும் தப்பின. அவர் அடிக்கவில்லை. அடிக்கத் தெம்பும் இல்லை.

"களைப்பாக இருந்தது ஐயா," என்றது ஒட்டகம்.

"எனக்கும்தான்," என்றார் ஜேசா.

கேமி தண்ணீர் குடித்தாள், பிழைத்தாள். அதன்பின் ஜேசா எந்த ஒட்டகத்திடமும் கேள்வி கேட்கவில்லை. வெண்கலச் சொம்பு ஒன்றைக் கவிழ்த்து, உள்ளே ஓர் எலும்புத் துண்டைத் தொங்கவிட்டு, கிழ ஒட்டகத்தின் கழுத்தில் கட்டினார். அது நடந்தால் ஒலித்தது, நின்றால் ஓய்ந்தது. கேட்பார் இல்லாமல் ஒட்டகங்களுக்குப் பேச்சும் மறந்துபோனது.

ஒட்டக வரிசையில் கடைசி ஒட்டகத்துக்கு மணி கட்டுவது அந்தப் பயணத்தில் தொடங்கியதுதான். இன்றைக்கும் அந்த மணி ஓய்ந்தால்தான் முன்னால் போகிறவர் திரும்பிப் பார்க்கிறார்.