வெட்டிப் போட்ட சிரிப்பு

எங்கள் மடத்தில் காவி வாங்குகிறவர் முதலில் செத்தாக வேண்டும். தர்ப்பையில் மல்லாந்து படுக்க வேண்டும். மற்றவர்கள் வாய்க்கரிசி போட்டு, அவருடைய பேரைக் கடைசியாக ஒருமுறை உரக்கச் சொல்லி, தலைமுழுகிவிட்டு வருவோம். அதன்பின் எழுந்தால் புதுத் துணி, புதுப் பேர்.

பங்கஜவல்லியம்மாவுக்கு அது பெரிய காரியமாகப் படவில்லை. முப்பது வருஷம் சினிமாவில் அம்மாவாக நடித்தவர். கதாநாயகன் அரிவாளைத் தூக்க வேண்டுமென்றால் அம்மா சாக வேண்டும். அம்மா சாக வேண்டுமென்றால் இவரைக் கூப்பிடுவார்கள். இமை ஆடாது, மூச்சு தெரியாது. இருந்தும் டைட்டிலில் இவர் பேரை ஒருத்தரும் போட்டதில்லை. 'மற்றும் பலர்' என்று போடுவார்களே, அதற்குள் எங்கேயோ இருந்தார்.

வாய்ப்பு நின்றுபோன பிறகு மடத்துக்கு வந்தவர், இரண்டு வருஷம் பாத்திரம் துலக்கினார். பிறகு காவி கேட்டார். குரு அவரைவிட வயதில் சிறியவர்.

"சரிம்மா, படுங்க" என்றார்.

படுத்தார். அந்த இடத்தில் நெளியாத சீடன் கிடையாது, நான் உட்பட. இவர் கிடந்த கிடையில் வாய்க்கரிசி போடப் போன நான், மூச்சு வருகிறதா என்று குனிந்து பார்த்தேன். பேரைச் சொன்னோம். அவர் பேரை இத்தனை பேர் சேர்ந்து சொன்னது அதுதான் முதல் தடவையாக இருக்கும். குளித்துவிட்டு வந்தோம்.

"எழுந்திரிங்கம்மா."

எழவில்லை. கண்ணைத் திறந்து, மேலே ஓர் இடத்தைப் பார்த்து, உதட்டில் ஒட்டிய அரிசியோடு சிரித்தார். அப்புறம்தான் எழுந்தார்.

யாரைப் பார்த்துச் சிரித்தீர்கள் என்று கேட்டார் குரு.

பங்கஜவல்லியம்மாவின் முகம் சுருங்கிவிட்டது. பழக்கதோஷம் என்றார். பிணமாக நடித்தவரை அப்படியே எழுப்பினால் அபசகுனமாம். கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லி, அதையும் படம் பிடித்துவிட்டுத்தான் எழுப்புவார்களாம்.

"அந்தச் சிரிப்பு படத்துல வருமா?"

"வராது சாமி. வெட்டிப் போட்டுடுவாங்க."

"படத்துல செத்துக் கெடந்தது யாரு?"

"கதாநாயகனோட அம்மா."

"சிரிச்சது?"

உதட்டில் ஒட்டிய அரிசியைத் துடைத்துக்கொண்டார்.

"நான்தான் சாமி."

குரு மடியில் வைத்திருந்த காவித் துணியை எடுத்துப்போய்ப் பெட்டியில் வைத்துப் பூட்டினார்.

அம்மா அழுதார். இந்தப் பேரை யாருக்கும் தெரியாது, இதை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய, இங்கேயாவது இறக்கி வைக்க விடுங்கள் என்று கெஞ்சினார். குரு இளகுவார் என்று நாங்கள் நினைத்தோம். எனக்கு அவர்மேல் கோபம்கூட வந்தது.

இருக்கும்வரை இங்கே சோறு உண்டு, படுக்க இடம் உண்டு என்றார் குரு. வாசல்வரை போனவர் திரும்பினார்.

"ஆனா இன்னும் பொறக்காதவங்களுக்கு நான் எப்படிம்மா கருமாதி பண்றது?"